ஓடையோடு ஒரு பாட்டு, எதிரில் இல்லாதவருக்கு ஒரு பாட்டு

சில வாரங்களாக இரண்டு ஒலிப்பதிவுகளை மாற்றி மாற்றிக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஒன்று, 1999இல் ஸ்மித்சோனியன் ஃபோக்வேஸ் வெளியிட்ட துவா இசைத் தொகுப்பில் உள்ள ஒரு சிறிய துண்டு. அனத்தோலி குலார் என்ற பாடகர் ஓர் ஓடையருகே பாடுகிறார். தண்ணீரின் உருளல் எங்கே முடிகிறது, அவருடைய தொண்டையின் உருளல் எங்கே தொடங்குகிறது என்று பத்து முறை கேட்டும் எனக்குப் பிடிபடவில்லை. மற்றது, சாமி இனத்துக் கவிஞரும் பாடகரும் ஓவியருமான நில்ஸ்-அஸ்லாக் வல்கெயாபா உருவாக்கிய 'கோவாசே துஷ்ஷே'. பறவைச் சிம்பொனி என்று சொல்லிக்கொள்ளலாம். பறவைகள், நீர், காற்று என்று வடதுருவத்தை ஒட்டிய நிலத்தின் ஒலிகளைக் கோத்தே செய்த நீண்ட படைப்பு. 1993இல் இத்தாலிய வானொலியின் பிரி இத்தாலியா போட்டியில் சிறப்புப் பரிசு வாங்கியது.

இரண்டையும் கேட்டவர்கள் பெரும்பாலும் ஒரே வாக்கியத்தைச் சொல்வார்கள்: மேய்ச்சல் மக்கள் இயற்கையைப் போலவே பாடுகிறார்கள். இசைக் கடைகளும் இரண்டையும் ஒரே அலமாரியில்தான் வைத்தன. எனக்கு அந்த அலமாரி மீது சந்தேகம். துவா மேய்ப்பரும் சாமி மேய்ப்பரும் நாள் முழுக்கக் காற்றையும் விலங்கையும் கேட்டுப் பழகிய காதுக்காரர்கள் என்பது வரைக்கும் ஒற்றுமை சரி. ஆனால் யாரை முன்னால் வைத்துப் பாடுகிறார்கள் என்று கேட்டால் இருவரும் பிரிந்துவிடுகிறார்கள். துவாக்காரர் தன் எதிரில் இருப்பதற்குப் பதில் சொல்கிறார். சாமிக்காரர் எதிரில் இல்லாததை வரவழைக்கிறார்.

முதலில் நிலம். துவா, ரஷ்யாவின் தெற்கு ஓரத்தில் மங்கோலியாவை ஒட்டிக் கிடக்கும் ஒரு குடியரசு. சயான் மலைகள் வடக்கே, தன்னு-ஓலா மலைகள் தெற்கே. நடுவில் புல்வெளி. பெரிய யெனிசெய், சிறிய யெனிசெய் என்ற இரண்டு ஆறுகள் தலைநகர் கிசிலில் கூடுகின்றன. ஆடு, செம்மறி, குதிரை, மாடு, சில இடங்களில் யாக், சில இடங்களில் ஒட்டகம் என்று கலவையான மந்தைகள். பருவத்துக்குப் பருவம் பட்டி மாறும். 1921 முதல் 1944 வரை தனி நாடாக இருந்து, பிறகு சோவியத் ஒன்றியத்தில் சேர்ந்த பகுதி இது. அந்தக் காலத்து முக்கோணத் தபால்தலைகளை இன்றும் சேகரிப்பாளர்கள் தேடுகிறார்கள். இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபெயின்மன் கடைசிக் காலத்தில் துவாவைப் பார்த்துவிடத் துடித்ததும் சிறுவயதில் பார்த்த அந்தத் தபால்தலைகளால்தான். பார்க்காமலே 1988இல் போய்விட்டார். உலகத்துக்குத் துவாவின் பாட்டு எட்டியதில் அவருடைய அந்த நிறைவேறாத ஆசைக்கும் ஒரு பங்கு உண்டு.

சாமி மக்களின் நிலத்துக்கு அவர்கள் வைத்த பெயர் சாப்மி. நார்வே, சுவீடன், பின்லாந்து, ரஷ்யாவின் கோலா தீபகற்பம் என்று நான்கு நாட்டு எல்லைக்குள் அது சிதறிக் கிடக்கிறது. (சாமி என்று எழுதினால் நம் காதில் வேறொன்று விழும். என்ன செய்வது, அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது அப்படித்தான்.) அவர்களில் எல்லோரும் மேய்ப்பர்கள் இல்லை; மீன்பிடித்தே வாழ்ந்த சாமிகளும் ஏராளம். இங்கே நான் பேசுவது ரெயின்டீர் எனப்படும் பனிமானை மேய்ப்பவர்களைப் பற்றி. வடக்கு நார்வேயில் குளிர்காலத்தில் மந்தை உள்நாட்டுப் பீடபூமியில் பனியைக் குளம்பால் தோண்டிப் பாசிக்காளானைத் தின்னும். கோடையில் கடற்கரைக்கு நகரும். மேய்ப்பர் அதன் பின்னால் போவார். மானை மனிதன் ஓட்டுகிறானா, மனிதனை மான் ஓட்டுகிறதா என்பது பருவத்தைப் பொறுத்தது.

துவாவின் பாட்டைப் புரிந்துகொள்ள நம்மிடம் ஒரு நல்ல கருவி இருக்கிறது: தம்புரா. நாலு கம்பிகளைச் சுருதி கூட்டி, குதிரையின் மேல் ஜீவா நூலைச் சரியான இடத்தில் நிறுத்தினால், யாரும் மீட்டாத அந்தர காந்தாரம் தானாக எழும். கம்பியின் அடிச் சுரத்துக்குள் ஒளிந்திருக்கும் மேற்சுரம் அது. எந்தக் குரலிலும் இப்படிப்பட்ட மேற்சுரங்களின் ஏணி ஒன்று உண்டு. பேசும்போது நாம் அவற்றை ஆ, ஈ, ஊ என்ற உயிரெழுத்துகளாகக் கரைத்துவிடுகிறோம். துவாப் பாடகர் கரைக்காமல் ஒன்றை மட்டும் பொறுக்கி எடுத்துப் பெரிதாக்குகிறார். கீழே ஒரு ரீங்காரம் நிற்க, மேலே புல்லாங்குழல் போல ஒரு விசில் நடமாடுகிறது. ஒரே வாயில் இரண்டு சுரம். ஹோமெய் என்பது இந்தக் கலைக்குப் பொதுப்பெயர். அதில் விசில் தூக்கலாக இருப்பது சிகித். கர்கிரா என்ற அடித்தொண்டை வகையில் பொய்க்குரல் நாண்களும் சேர்ந்து அதிர்ந்து, குரல் ஒரு முழு ஸ்தாயி கீழே இறங்குகிறது.

2020இல் 'ஈலைஃப்' இதழில் வந்த ஓர் ஆய்வு இதன் இயக்கத்தைக் காட்டியது. துவாவின் ஹுன்-ஹூர்-து என்ற இசைக்குழுவினரின் குரலை ஆராய்ந்து, ஒருவருடைய வாயை எம்.ஆர்.ஐ. மூலம் படமெடுத்தும் பார்த்தார்கள். நாக்கையும் தொண்டையையும் ஒரு குறிப்பிட்ட வடிவத்தில் குறுக்கும்போது, வழக்கமாகத் தனித்தனியாக இருக்கும் இரண்டு ஒத்ததிர்வுகள் ஒன்றாக ஒட்டிக்கொண்டு ஒரே கூர்முனை ஆகின்றன. அந்த முனையில் அகப்பட்ட மேற்சுரம் மட்டும் பளிச்சிடுகிறது. ஏணியின் எல்லாப் படியிலும் பாடகர் கால் வைப்பதில்லை. ஏழாவதையும் பதினோராவதையும் பொதுவாகத் தாண்டிவிடுவார்கள். மிஞ்சுவது ஐந்து சுரப் பாட்டு. நமக்கு மோகனத்தின் சாயல் தட்டும்.

இதெல்லாம் தொண்டையின் கணக்கு. காதின் கணக்கு வேறு. துவா இசையாய்வாளர் வலென்தினா சுசுகெய் ஒரு நிகழ்ச்சியைச் சொல்லியிருக்கிறார். ஐரோப்பிய முறையில் இசை படித்தவர் அவர். கிராமத்து முதியவர் ஒருவரிடம் போய், இகில் என்ற இரண்டு நரம்பு வில்வாத்தியத்தின் சுருதியைக் குறித்துக்கொள்வதற்காக ஒவ்வொரு நரம்பையும் தனியாக வாசிக்கச் சொன்னார். முதியவர் இரண்டையும் சேர்த்தே இழுத்தார். தனியாக, தனியாக என்று மறுபடியும் கேட்டார். மறுபடியும் சேர்த்தே இழுத்தார். பிரித்து வாசித்தால் அது இகிலே இல்லை என்பது அவர் எண்ணம். இகிலின் நரம்பு என்பதே குதிரைமயிர்க் கற்றை. ஒரு கற்றை, இன்னொரு கற்றை, வில்லில் மூன்றாவது கற்றை. அதிலிருந்து வருவது ஒரு சுரம் என்பதைவிட ஒரு நாரின் தழைப்பு என்று சொல்லலாம். சுசுகெய் அங்கே கற்றுக்கொண்டதைப் பிறகு கோட்பாடாக வளர்த்தார்: துவாக்காரர்கள் சுரத்தின் உயரத்தை முதலில் கேட்பதில்லை, ஒலியின் நிறத்தைக் கேட்கிறார்கள். தியடோர் லெவின் என்ற அமெரிக்க ஆய்வாளர் அவரோடு சேர்ந்து அலைந்து 2006இல் எழுதிய புத்தகம் இந்தப் பொருளில் இன்னும் முதன்மையானது.

நிறத்தைக் கேட்கும் காதுக்கு ஓடை என்பது வெறும் இரைச்சல் ஆகாது. ஓடையின் சத்தத்தில் ஆயிரம் மேற்சுரம். அதில் எதையாவது பிடித்துக்கொண்டு தொண்டையில் திருப்பித் தர முடியும். போர்பாங்னாதிர் என்ற வகையின் பெயரே உருளுவதைக் குறிக்கிறது. எசெங்கிலேர் என்ற வகையில் குதிரைச் சவாரியின்போது அங்கவடி தட்டும் தாளம் குரலில் ஏறிக்கொள்ளும். காற்று, குகை, பாறை என்று எதிரொலி தரும் எதுவும் கூட்டுப் பாடகர்தான்.

மொழியிலேயே இந்தப் பழக்கம் ஊறியிருக்கிறது. துவா மொழியில் 'போகிறேன்' என்று சொல்ல வேண்டுமானால், பக்கத்து ஆறு எந்தப் பக்கம் ஓடுகிறது என்று தெரிந்திருக்க வேண்டும். நீரோட்டத்தோடு போவதற்கு ஒரு வினை, எதிர்த்துப் போவதற்கு வேறு வினை. நம்மிடம் சலசல, கலகல, கிடுகிடு என்று இரட்டைக்கிளவி இருப்பதுபோல் அவர்களிடமும் ஒலிக்குறிப்புச் சொற்கள் கொட்டிக் கிடக்கின்றன. ஒவ்வோர் ஊற்றுக்கும் கணவாய்க்கும் மலைக்கும் ஓர் உடையவர் உண்டு என்பது அவர்கள் நம்பிக்கை. நம் ஊர் எல்லைச்சாமி போல என்று வையுங்கள். அந்த உடையவருக்குப் பாலும் தேநீரும் தெளிப்பார்கள். பாட்டும் தெளிப்பார்கள். அந்த இடத்து ஒலியை அந்த இடத்துக்கே நல்லபடியாகத் திருப்பிக் கொடுப்பது ஒரு வகைப் படையல். அதனால்தான் ஓடைக்கரையில் பாடுகிற குலாருக்கு மேடை தேவைப்படவில்லை. கேட்பவர் எதிரிலேயே ஓடிக்கொண்டிருக்கிறார்.

விலங்கும் அதே மாதிரி எதிரில் நிற்கும் கேட்பவர். துவாவிலும் பக்கத்து மங்கோலியாவிலும், குட்டியை ஏற்க மறுக்கும் தாய் விலங்கை இணங்க வைக்க ஒவ்வோர் இனத்துக்கும் தனித்தனி ஒலி உண்டு. மங்கோலிய மேய்ப்பர் செம்மறிக்குத் 'தோய்க் தோய்க்' என்பார், ஒட்டகத்துக்கு 'ஹூஸ் ஹூஸ்' என்பார். மாற்றிச் சொன்னால் பலிக்காது. ஒட்டகத்தை இணங்க வைக்கும் சடங்கை 2015இல் யுனெஸ்கோ உடனடியாகக் காக்க வேண்டிய மரபுகளின் பட்டியலில் சேர்த்தது. விடியலிலோ அந்தியிலோ தாயைக் குட்டிக்கு அருகில் கட்டிவைத்து, ஒரே மாதிரியான இழுப்பில் பாடிக்கொண்டே இருப்பார்கள். குதிரைத்தலை வில்வாத்தியமோ குழலோ கூடவே ஒலிக்கும். 2003இல் வந்த 'அழும் ஒட்டகத்தின் கதை' படத்தில் இது கண்முன் நடக்கிறது. பாட்டு பலித்ததா என்பதற்கு அங்கே ஒரே சான்றுதான்: குட்டி மடியில் வாய் வைத்ததா இல்லையா. நம் சபாக்களில் இத்தனை கறாரான விமர்சகர் யாரும் கிடையாது.

இனி வடக்கே.

சாமிப் பாட்டுக்கு வெளியுலகம் வைத்த பெயர் யொய்க். வடசாமி மொழியில் லுவோதி. முதல்முறை கேட்பவருக்கு ஏமாற்றமாக இருக்கும். ஒரு சின்ன இழை, சுற்றிச் சுற்றி வருகிறது. சொற்கள் மிகக் குறைவு. பல நேரம் லோ, லா, நு, நோ என்ற வெற்றசைகள்தான். பல்லவி, சரணம் என்ற கட்டுமானம் கிடையாது. தொடக்கம் என்று ஒன்றைச் சுட்ட முடியாது, முடியும்போது யாரோ வாயைப் பொத்தியது போல சட்டென்று நிற்கும். துவாக்காரரின் இரட்டைச் சுர வித்தை மாதிரி வியக்க வைக்கும் தொழில்நுட்பம் எதுவும் வெளியே தெரியாது.

அதன் விந்தை இலக்கணத்தில் இருக்கிறது. ஓர் ஆளைப் பற்றி யொய்க் பாடுவதில்லை. ஓர் ஆளையே யொய்க் செய்வார்கள். இதை ஆங்கிலத்தில் விளக்க ஆய்வாளர்கள் பத்திக் கணக்கில் மல்லுக்கட்டுகிறார்கள். தமிழருக்கு ஓர் உருபு போதும். 'முருகனைப் பற்றிப் பாடினார்' என்பதற்கும் 'முருகனைப் பாடினார்' என்பதற்கும் உள்ள தூரம் நமக்குத் தெரியும். அந்த ஐகார வேற்றுமையில்தான் யொய்க் நிற்கிறது. ஒரே வித்தியாசம், நாம் பாடினால் புகழ வேண்டும். யொய்க்குக்குப் புகழ்ச்சி கட்டாயமில்லை. நொண்டி நடக்கிறவரின் நடை தாளத்தில் நொண்டலாம். சிடுசிடுப்பவரின் இழை சிடுசிடுக்கலாம். ஓநாயின் யொய்க்கில் ஓநாயின் இழுவை இருக்கும். பாடும் நேரத்தில் அந்த ஆளோ ஓநாயோ மலையோ அங்கே வந்துவிடுவதாக உணர்வார்கள்.

யோஹான் துரி என்ற சாமி மேய்ப்பர் 1910இல் வெளியிட்ட 'முயிதாலுஸ் சாமியித் பிர்ரா', சாமி மொழியில் ஒரு சாமி எழுதிய முதல் சமயம் சாராத நூல். ஓநாய்களும் பனிமான்களும் நாட்டு வைத்தியமும் நிறைந்த புத்தகம். யொய்க் என்பது மற்றவர்களை நினைத்துக்கொள்ளும் வழி என்ற பொருளில் அதில் எழுதியிருக்கிறார். பின்னால் வந்த அத்தனை ஆய்வும் அவருடைய அந்த ஒற்றைக் கருத்துக்கு உரை எழுதியதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. குழந்தைக்கு ஒரு யொய்க் கொடுப்பார்கள், வளர்ந்த பிறகு வேறு வரலாம். இட்டுக்கட்டியவருக்கு அது சொந்தமில்லை, யாரைப் பாடுகிறதோ அவருக்கே சொந்தம். பெயரைப் போலத்தான். உங்கள் பெயரை வைத்தது உங்கள் தாத்தாவாக இருக்கலாம், பெயர் உங்களுடையது.

இந்தக் கலை ஏன் அங்கே தோன்றியது? நிலத்தின் ஒலியில் ஒரு விடை இருப்பதாக நினைக்கிறேன், நிரூபிக்க முடியாவிட்டாலும். புதுப்பனி ஒலியை விழுங்கும். பஞ்சு மெத்தை விரித்த அறை போலத்தான். துவாவின் பாறையும் குகையும் எதிரொலி தருவதுபோல் பனிப் பீடபூமி தராது. நீங்கள் கூப்பிட்டால் பதில் வராத நிலம். ஆள்கள் குளிர்காலத்தில் பிரிந்து சிறுசிறு குழுவாக மந்தையோடு போய்விடுவார்கள். ஒருவரை ஒருவர் பார்க்க மாதங்கள் ஆகும். எதிரில் யாரும் இல்லாத அந்த வெள்ளையில், இல்லாதவரைக் கொண்டுவரும் பாட்டு ஒன்று தேவைப்பட்டிருக்க வேண்டும்.

ஆனால் அது ஒலியற்ற உலகம் என்று நினைத்துவிடக்கூடாது. சின்ன ஒலிகளின் உலகம். பனிமான் நடக்கும்போது ஒவ்வோர் அடிக்கும் 'டிக்' என்று ஒரு சத்தம் வரும். காலில் ஒரு தசைநாண் எலும்பின் மேல் வழுக்கி விழும் சத்தம் அது. மந்தை நகரும்போது ஆயிரம் கைக்கடிகாரங்கள் ஒன்றாக ஓடுவதுபோல் கேட்கும். கண் தெரியாத பனிப்புயலில் மான்கள் ஒன்றையொன்று தொலைக்காமல் இருக்க அது உதவுகிறது என்கிறார்கள். முன்னே போகும் மானின் கழுத்தில் மணி. அடியில் பனி. பனிகூடப் பேசும். கடுங்குளிரில் பனிமணிகள் உருகாமல் நொறுங்குவதால் காலடி கிறீச்சிடும். வெயில் ஏறினால் அந்தக் கிறீச்சு மழுங்கிவிடும். காற்று அடித்து இறுக்கிய பனிக்குச் 'செயார்கா' என்று பெயர், அடியில் சர்க்கரை போல் உதிரும் பனிக்குச் 'செயாங்காஷ்' என்று பெயர். சர்க்கரைப் பனி என்றால் மான் எளிதில் தோண்டித் தின்னும், இறுகிய பனி என்றால் பட்டினி. இஞ்சர் மரி கவுப் எய்ரா என்ற சாமி ஆய்வாளர் 2012இல் இந்தச் சொற்களை வைத்தே முனைவர் பட்ட ஆய்வேடு எழுதினார், சாமி மொழியிலேயே. அதன் தலைப்பு: பனியின் மௌன மொழி.

இப்போது என் பிரிவினைக்கு எதிரான சான்றுகளையும் சொல்லிவிட வேண்டும். சாமி மேய்ப்பர்கள் இரவுக் காவலில் மந்தை மிரளாமல் இருக்கவும், ஓநாய்க்கு இங்கே ஆள் இருக்கிறது என்று அறிவிக்கவும் யொய்க் பாடியதுண்டு. அங்கே கேட்பவர் எதிரிலேயே நிற்கிறார். துவாவிலும் விட்டுவந்த ஊற்றையும் மலையையும் ஏங்கிப் பாடும் பாட்டுகள் உண்டு. ஆக, கோடு முழுக்க நேரானதில்லை. சாய்வு எந்தப் பக்கம் என்பதுதான் கேள்வி.

விலங்கு ஒன்றானால் பாட்டும் ஒன்றாகும் என்று நினைப்பவர்களுக்கும் ஒரு தகவல். துவாவின் வடகிழக்கே தோஜா என்ற காட்டுப் பகுதியில் துவாக்காரர்களே பனிமான் வளர்க்கிறார்கள். சேணம் போட்டு ஏறுகிறார்கள், பால் கறக்கிறார்கள். அங்கே யொய்க் கிடையாது. அதே நேரம் ஹோமெய்யின் தாய்நிலம் என்று சொல்லப்படுவதும் அந்தக் காடு இல்லை. மேற்கே கெம்சிக் ஆற்றுப் பக்கத்துப் புல்வெளி. பாட்டின் வடிவத்தை மந்தையைவிட நிலமும், நிலத்தில் ஆள்கள் எவ்வளவு தள்ளித்தள்ளி வாழ்கிறார்கள் என்பதுமே கூடுதலாக முடிவு செய்கின்றன என்று எனக்குப் படுகிறது. ஒவ்வொரு திணைக்கும் தெய்வத்தோடும் உணவோடும் பறையையும் யாழையும் சேர்த்துக் கருப்பொருளாக எண்ணிவைத்த தொல்காப்பியருக்கு இது வியப்பாக இருந்திருக்காது.

யார் பாடலாம் என்பதிலும் இரண்டும் வேறு. யொய்க்கில் ஆண், பெண் தடை இல்லை. துவாவில் பெண்கள் ஹோமெய் பாடினால் பிள்ளைப்பேறு பாதிக்கும், வீட்டு ஆண்களுக்கு ஆகாது என்றெல்லாம் சொல்லி நெடுங்காலம் தடுத்தார்கள். 1998இல் சொதுரா துமாத் தொடங்கிய துவா கிசி என்ற பெண்கள் குழு அந்தத் தடையை மேடையிலேயே உடைத்தது.

அரசும் சமயமும் இரண்டையும் எப்படி நடத்தின என்பதில்தான் ஒப்பீடு கூர்மையாகிறது. வடக்கே அடி பாட்டின் மேலேயே விழுந்தது. யொய்க்கும் நொயாய்தி என்ற சாமிப் பூசாரியின் மேளமும் சேர்ந்தே பழக்கத்தில் இருந்தவை. 17ஆம் நூற்றாண்டில் மேளம் வைத்திருந்தவர்கள் மீது சூனிய வழக்குகள் பாய்ந்தன. 1692இல் வடக்கு நார்வேயின் வாட்சோவில் ஆண்டர்ஸ் பவுல்சன் என்ற முதியவர் விசாரிக்கப்பட்டார், அவருடைய மேளம் பறிபோனது. அடுத்த ஆண்டு சுவீடனின் ஆர்யெப்லோகில் லார்ஸ் நில்சன் என்பவரை எரித்தே கொன்றார்கள். 19ஆம் நூற்றாண்டில் லெஸ்தாதியுஸ் பாதிரியாரின் சமய எழுச்சி சாமிகளிடையே காட்டுத்தீ போலப் பரவியபோது, யொய்க் குடியோடும் பாவத்தோடும் சேர்த்து எண்ணப்பட்டது. பிறகு பள்ளிக்கூடங்கள் மொழியையே வெட்கப்பட வேண்டிய ஒன்றாக்கின. ஆனாலும் மேய்ச்சல், சுருங்கினாலும், சாமிகளின் கையிலேயே பெருமளவு தொடர்ந்தது. பாட்டுக்குத் தடை, நிலம் ஓரளவு மிச்சம்.

துவாவில் நேர் எதிர். 1930களில் பூசாரிகளையும் பௌத்த லாமாக்களையும் ஒடுக்கினார்கள். மடாலயங்களை இடித்தார்கள். சோவியத்தில் சேர்ந்த பிறகு மந்தைகள் கூட்டுப்பண்ணைக்குப் போயின, மேய்ப்பர்கள் ஊர்களில் குடியமர்த்தப்பட்டார்கள். ஹோமெய்யை மட்டும் நாட்டார் கலை என்று முத்திரை குத்தி, பண்பாட்டு மன்ற மேடையில் ஏற்றிக் கைதட்டினார்கள். பாட்டு தப்பியது. அது பதில் சொல்லிக்கொண்டிருந்த ஓடையும் உடையவரும் மேடைக்கு வெளியே நின்றுவிட்டார்கள். 1992இல் தொடங்கிய ஹுன்-ஹூர்-து குழுவைப் போன்றவர்கள் உலகச் சுற்றுப்பயணத்தில் பாடும்போது அரங்கம் நிறைகிறது. என் கருத்தில் அந்தக் கச்சேரிகளில் பாதிதான் இருக்கிறது. மறுபாதியான கேட்பவரை விமானத்தில் ஏற்ற முடியாது. லெவின் பாடகர்களை ஓடைக்கும் குகைக்கும் அழைத்துப் போய்ப் பதிவு செய்ததன் நியாயம் இதுதான்.

யொய்க் இந்தச் சிக்கலுக்குள் மாட்டிக்கொள்ளவில்லை. இல்லாததை வரவழைக்கவே பிறந்த பாட்டு எந்த ஊருக்கும் போகும். 1994இல் லில்லேஹாமர் குளிர்கால ஒலிம்பிக் தொடக்க விழாவில் வல்கெயாபா யொய்க் பாடினார். அவருக்கு மந்தையோ பனிச்சரிவோ பின்னணியில் தேவைப்படவில்லை. 1979இல் ஆல்தா ஆற்றணைக்கு எதிராகச் சாமிகள் ஆஸ்லோவில் பட்டினி கிடந்தார்கள். மறு ஆண்டே நார்வே சார்பில் யூரோவிஷன் போட்டிக்குப் போன பாட்டின் கடைசிப் பகுதி யொய்க்காக இருந்தது. மதிப்பெண்ணில் கடைசி வரிசைக்கு அருகேதான் வந்தது. அணையும் கட்டி முடிக்கப்பட்டது.

பாட்டு பயணப்படலாம், மந்தை பயணப்பட முடியாது. 1960களில் பனிவண்டி வந்தபோது சாப்மியின் காதுக்கு முதல் பெரிய அதிர்ச்சி. பெர்த்தி பெல்தோ என்ற மானிடவியலாளர் வடகிழக்குப் பின்லாந்தின் ஸ்கோல்ட் சாமிகளிடையே அதன் விளைவுகளைக் குறித்து 1973இல் ஒரு நூலே எழுதினார். முன்பு பனிச்சறுக்கில் மந்தைக்கு நடுவே போய்வந்த மேய்ப்பர் இப்போது இரைச்சலோடு வந்தார். மான்கள் மனிதனைக் கண்டால் ஓடப் பழகின. வண்டி, எரிபொருள், உதிரிபாகம் எல்லாம் வாங்கப் பணம் வேண்டியிருந்ததால் சிறு மந்தைக்காரர்கள் தொழிலைவிட்டுப் போனார்கள். இன்று வண்டி இல்லாமல் மேய்ச்சலே இல்லை, அதைக் குறை சொல்லும் உரிமை வெளியாளான எனக்கு இல்லை. ஆனால் வண்டி ஓடும்போது காலின் 'டிக்'கும் பனியின் கிறீச்சும் கேட்காது. அதற்காகவே இடையிடையே இன்ஜினை நிறுத்திவிட்டுக் காது கொடுக்க வேண்டியிருக்கிறது.

காற்றாலை அப்படி நிறுத்தக்கூடியதாக இல்லை. நார்வேயின் ஃபோசென் தீபகற்பத்தில் தென்சாமி மேய்ப்பர்களின் குளிர்கால மேய்ச்சல் நிலத்தில் இரண்டு காற்றாலைப் பூங்காக்கள் எழுந்தன. மான்கள் அந்தப் பக்கம் ஒதுங்குவதில்லை என்பது அவர்கள் வாதம். 2021 அக்டோபர் 11 அன்று நாட்டின் உச்ச நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. தங்கள் பண்பாட்டைத் தொடரும் உரிமை மீறப்பட்டதால் அந்த உரிமங்கள் செல்லாது என்றது. ஐந்நூறு நாட்கள் கழிந்தும் எதுவும் நடக்காததால் 2023 பிப்ரவரியில் சாமி இளைஞர்கள் ஆஸ்லோவில் அமைச்சகத்தை மறித்து உட்கார்ந்தார்கள். அங்கேயும் யொய்க் ஒலித்தது. அதன் பிறகுதான் இழப்பீடும் மாற்று மேய்ச்சல் நிலமும் பேசப்பட்டு, 2023 டிசம்பரிலும் 2024 மார்ச்சிலும் உடன்பாடுகள் கையெழுத்தாயின. ஆண்டர்ஸ் பவுல்சனின் மேளம் இதற்கிடையே, 2022இல், டென்மார்க் அருங்காட்சியகத்தின் உடைமையிலிருந்து சாமிகளுக்கே திரும்பிவிட்டது. இப்போது வடக்கு நார்வேயின் காராஷோக்கில் இருக்கிறது. ஃபோசெனில் 151 காற்றாலைகளும் இருந்த இடத்திலேயே சுழல்கின்றன.